பத்து அடிச் சிரிப்பு

தம்பி, அந்த போனை இன்னொரு வாட்டி காட்டுங்க. இப்போ பாத்துச் சிரிச்சீங்களே, அதேதான். கோவிச்சுக்க மாட்டேன், காட்டுங்க. கொஞ்சம் பின்னால தள்ளுங்க... ஆங், அங்க நிறுத்துங்க. பாடையில படுத்திருக்குற அம்மா கையைத் தூக்கி கன்னத்துல கொசு அடிக்குது. கீழ என்ன எழுதியிருக்கான், கண்ணாடி இல்ல எனக்கு, படிங்க. 'திங்கக்கிழமை காலைல ஆபீஸ்ல நான்.' சரி, சரி. நல்லாத்தான் எழுதியிருக்கான்.

அது என் சம்சாரம்.

அட, போனை ஏன் உள்ள வைக்கிறீங்க? நீங்க ஒண்ணும் தப்புப் பண்ணல. சிரிக்கத்தானே போட்டிருக்கான், சிரிச்சீங்க. படம் பேரு 'பாழுங்கிணத்துப் பாவை'. நான்தான் புரொடியூசர். வஜ்ரநாகம் பிலிம்ஸ் தணிகாசலம். குடியாத்தம் தணிகாசலம்னு சொன்னா கோடம்பாக்கத்துல பழைய ஆளுங்களுக்குத் தெரியும். உங்களுக்குத் தெரிய நியாயமில்ல, நீங்க அப்போ பொறந்தே இருக்க மாட்டீங்க.

பொணம் கொசு அடிக்குதே, அங்க யாரும் பாக்கலியான்னுதானே நினைக்கிறீங்க? பாத்தோம். கேமராமேன் பாத்தாரு, எடிட்டர் பாத்தாரு, நானும் பாத்தேன். ரீடேக் போக பிலிம் இல்ல. ஆம்பூர்லயும் அரக்கோணத்துலயும் எவன் இதைக் கவனிக்கப் போறான்னு விட்டுட்டேன். நெஜமாவே எவனும் கவனிக்கல தம்பி. முப்பத்தஞ்சு வருஷம் கழிச்சு நீங்க கவனிச்சிருக்கீங்க.

இந்த பஸ்ல நீங்க ஓசூர் வரைக்குமா? நான் கிருஷ்ணகிரியில இறங்கிடுவேன். பொண்ணு வீடு. யமுனான்னு பேரு, ஒரே பொண்ணு. நாளைக்குக் காலைல இந்த அம்மாவுக்கு வருஷ திதி. ஆமா, போன வருஷம் போய்ச் சேந்துட்டா. பொண்ணு என்கூடப் பேசியும் அதே ஒரு வருஷம் ஆச்சு. போன வாரம் மருமகன் குணசீலன் போன் பண்ணாரு. தங்கமான மனுஷன். "மாமா, திதிக்கு வாங்க, யமுனா வரச் சொல்லிட்டா. ஆனா ஒரு கண்டிஷன் போட்டிருக்கா. வந்ததுல இருந்து திரும்பிப் போற வரைக்கும் நீங்க வாயே திறக்கக் கூடாதாம். எதையும் இங்க நகத்து அங்க நகத்துன்னு சொல்லக் கூடாதாம். ஒரு வார்த்தை பேசினாலும் அவ எழுந்து உள்ள போய்க் கதவைச் சாத்திக்குவாளாம். அப்புறம் எப்பவுமே கிடையாதாம்." நான் சரின்னுட்டேன். வாக்குக் குடுத்துட்டேன். அதனாலதான் பூந்தமல்லியில இருந்து உங்க காதைத் தின்னுட்டு வரேன். கிருஷ்ணகிரி வந்துட்டா எனக்கு வாய்ப்பூட்டு.

என்ன கோபம்னு கேக்குறீங்க. அதான் எனக்குப் பிடிபடல. ஒரு வருஷமா யோசிச்சுப் பாத்துட்டேன். சொல்றேன், நீங்களே சொல்லுங்க நியாயத்தை.

நான் பட்டணம் வந்தப்போ எனக்கு இருபத்திரண்டு வயசு. ஒரு கம்பெனியில புரொடக்ஷன்ல வேலை. சாப்பாடு கொண்டாறது, நாற்காலி போடறது, வேன் புடிக்கிறது. மவுண்ட் ரோடு பக்கத்துல ஒரு தியேட்டர்ல ஞாயித்துக்கிழமை காலைக் காட்சியா வெளிநாட்டுப் படம் போடுவான். ஒரு நாள் போய் உக்காந்தேன். மெக்சிகோ நாட்டுப் படமாம். முகமூடி போட்ட ஒரு குஸ்திக்காரன். சட்டை கிடையாது, ஆனா முகமூடிய மட்டும் சோறு திங்கும்போதுகூடக் கழட்ட மாட்டேங்குறான். அவனுக்கு எதிரா செத்தவனுங்க எல்லாம் குழியில இருந்து எழுந்து வர்றானுங்க. ஒரு பேயோட முதுகுல ஜிப்பு தெரியுது தம்பி! சத்தியமா. சுவத்துல சாஞ்சா சுவரு ஆடுது. பாஷை ஒரு எழுத்துப் புரியல. ஆனா தியேட்டரு கத்துது பாருங்க, என் பக்கத்துல இருந்தவன் என் தொடையைக் கிள்ளிட்டான்.

எவனோ ஒரு புரொடியூசர், எந்த ஊர்லயோ உக்காந்து, இருக்கிற சுவரையும் இருக்கிற ஜிப்பையும் வச்சு ஒப்பேத்தியிருக்கான். அவன் பேரு டைட்டில்ல வந்துச்சு, எனக்குப் படிக்கத் தெரியல. மறுவாரம் வேற படம், திரும்பவும் அதே பேரு, அதே சுவரு. அன்னிக்கே முடிவு பண்ணிட்டேன். பேய் நெஜமாத் தெரியணும்னு எந்த ஜனமும் கேக்கல. பேய் சரியான நேரத்துக்கு வந்தாப் போதும்.

பத்தொம்பது படம் எடுத்தேன். பேய், பாம்பு, சாமி. எல்லாம் பதினெட்டு நாள் ஷூட்டிங், ஒரு நாள் கூடினது கிடையாது. சாலிகிராமத்துல ஒரு பங்களா, திருப்போரூர் பக்கம் ஒரு கிணறு, ஒரு வேப்பமரம். பெரிய கம்பெனிக்காரனுங்க கேலி பண்ணுவானுங்க. தணிகாசலம் பாம்புக்கு மேக்கப் போட்டு ஆளா காட்டுவான், ஆளுக்கு மேக்கப் போட்டுப் பாம்பா காட்டுவான்னு. பண்ணிட்டுப் போகட்டும். சோளிங்கர்ல என் படம் அம்பது நாள் ஓடுச்சு.

முதல் படத்துல ஹீரோயினோட அம்மா ரெண்டாவது ரீல்ல சாகணும். பாடையில படுக்க ஒரு நடிகையும் வரல. படுத்தா ஆயுசு குறையும்னு பயம். அம்சவேணி மத்தியானச் சாப்பாடு எடுத்துக்கிட்டு வந்திருந்தா. அதான், என் சம்சாரம், அம்சான்னு கூப்பிடுவேன். யூனிட்டுக்குச் சமையல் அப்போ எங்க வீட்டுலதான். முப்பத்தஞ்சு பேருக்கு. "அம்சா, கொஞ்சம் படு"ன்னேன். "எங்கங்க?"ன்னா. பாடையைக் காட்டினேன். ஒரு நிமிஷம் என்னைப் பாத்தா. அப்புறம் புடவையை இழுத்துச் செருகிக்கிட்டுப் படுத்துட்டா.

அப்படி ஒரு நடிப்பு! அசையல, கண் இமை ஆடல. டைரக்டரு அசந்துட்டாரு. ஷாட் முடிஞ்சு எழுப்பினா எழுந்திரிக்க மாட்டேங்குறா. பாத்தா, தூங்கிட்டா. விடியக்காலையில இருந்து அடுப்படியில நின்னவ இல்லையா. நான் சொல்லிச் சொல்லிச் சிரிப்பேன் இதை. என் சம்சாரத்துக்கு ஓய்வு வேணும்னா நான் ஒரு படம் ஆரம்பிக்கணும்னு.

அந்தப் படம் ஓடிச்சு. சினிமாவுல சென்டிமெண்ட்னு ஒண்ணு உண்டு. ஓடின படத்துல எது இருந்துச்சோ அது அடுத்த படத்துலயும் இருக்கணும். அதனால ரெண்டாவது ரீல்ல அம்மா சாவு. அம்மா அம்சாதான். பேய்ப் படம் பதினொண்ணுலயும் செத்தா தம்பி. ஜனங்க கண்டுபிடிக்கலியான்னா, பொணத்தோட முகத்தை எவன் ஞாபகம் வச்சுக்கப் போறான்?

ஒரே ஒரு தடவை கேட்டா. ஒரே தடவை இல்ல, ரெண்டு மூணு தடவை. "ஏங்க, அந்த அம்மா சாகறதுக்கு முன்னாடி ஒரு வார்த்தை பேசற மாதிரி வைங்களேன்"னு. பொணத்துக்கு எதுக்குடி டயலாக்குன்னேன். டயலாக் குடுத்தா டப்பிங் போகணும், மேக்கப் வேணும், வேற புடவை வேணும். இதெல்லாம் அவளுக்கு எங்க புரியப் போகுது? கண்ணாடி முன்னால நின்னு ஏதோ சொல்லிப் பாத்துக்கிட்டு இருந்தா ஒரு நாள். என்னைப் பாத்ததும் நிறுத்திட்டா. என்ன சொன்னான்னு நான் கேக்கல.

இன்னொரு வழக்கம் இருக்கு, அதையும் சொல்லணும். செத்த மாதிரி நடிச்சவங்களை அப்படியே எழுப்பி வீட்டுக்கு அனுப்ப மாட்டோம். சாவு ஷாட் முடிஞ்சதும் கேமராவை மறுபடி ஓட விடுவோம். படுத்திருக்கறவங்க கண்ணைத் திறந்து, எழுந்து உக்காந்து, கேமராவைப் பாத்துச் சிரிக்கணும். அப்புறம் பூசணிக்காய் சுத்தி உடைப்போம். கடைசியா பிலிம்ல பதிவானது சாவா இருக்கக் கூடாது, சிரிப்பா இருக்கணும்னு ஒரு கணக்கு. எந்தப் படத்துலயும் அது வராது, எடிட்டர் வெட்டித் தூரப் போட்டுடுவாரு. பத்து அடி பிலிம். ஏழு செகண்டு. எவ்வளவு இழுத்துப் பிடிச்சாலும் அந்தப் பத்து அடியில நான் கை வச்சதில்ல.

அம்சா நல்லாச் சிரிப்பா. எழுந்து உக்காந்து மூக்குப் பஞ்சை எடுத்துட்டு, கேமராவைப் பாக்காம அதுக்குப் பின்னால நிக்கிற என்னைப் பாத்துச் சிரிப்பா. "அம்மா, லென்ஸைப் பாருங்கம்மா"ன்னு கேமராமேன் கத்துவாரு. கேக்க மாட்டா.

யமுனா விஷயத்துக்கு வரேன். படம் முடிஞ்சதும் பிரிவ்யூ தியேட்டர்ல நாங்களும் வினியோகஸ்தருங்களும் மட்டும் போட்டுப் பாப்போம். முதல் படத்துக்கு யமுனாவைத் தூக்கிக்கிட்டுப் போயிருந்தேன். நாலு வயசு. ரெண்டாவது ரீல்ல அம்மாவைப் பாடையில பாத்ததும் ஒரே அழுகை. அம்மா, அம்மான்னு திரைக்கே ஓடிட்டா. வினியோகஸ்தர் ஒருத்தர் கண்ணைத் துடைச்சுக்கிட்டு, "தணிகாசலம், படம் வாங்கிட்டேன்யா"ன்னாரு. படமும் ஓடிச்சு. விடுவேனா? அதுவும் சென்டிமெண்ட் ஆயிடுச்சு. ஒவ்வொரு படத்துக்கும் யமுனாவைக் கூட்டிட்டுப் போய் முன் வரிசையில உக்கார வைப்பேன். அவ அழுதா படம் ஓடும். அம்சாவை மட்டும் அன்னிக்கு வீட்டுல விட்டுட்டுப் போயிடுவேன். அம்மா பக்கத்துலயே உக்காந்திருந்தா குழந்தை எப்படி அழும்?

அஞ்சாவது படத்துக்கு அவ அழல. கையைக் கட்டிக்கிட்டுத் திரையைப் பாத்துட்டு உக்காந்திருந்தா. "என்னடா கண்ணு, அம்மா செத்துட்டா பாரு, பாரு"ன்னு சொல்றேன். "தெரியும்பா"ன்னா. நினைச்ச மாதிரியே படம் ஊத்திக்கிச்சு. அவளுக்கு அப்போ எட்டு வயசு இருக்கும். பழசையெல்லாம் மனசுல வச்சிருக்க மாட்டா. குழந்தைங்க மறந்துடும்.

கடைசிப் படம் ரெண்டாயிரத்து மூணு. திருப்போரூர்ல வேப்பமரத்தடியில சாவு சீன். சாயங்காலம் வெளிச்சம் போயிட்டே இருக்கு. சாவு ஷாட் முடியவும் கேமராவுல பிலிம் தீரவும் சரியா இருந்துச்சு. அசிஸ்டண்ட் ஓடி வந்து, "சார், சிரிப்பு ஷாட்டுக்கு பிலிம் இல்ல"ன்னான். பரவாயில்ல, பேக்கப்னுட்டேன். எல்லாரும் வேன் பக்கம் டீ குடிக்கப் போயிட்டோம். கொஞ்ச நேரம் கழிச்சு லைட்மேன் ஒருத்தர் வந்து, "சார், அம்மா இன்னும் படுத்திருக்காங்க"ன்னாரு. போய்ப் பாத்தா, கண்ணை மூடிக்கிட்டு அப்படியே கிடக்குறா. தூங்கல. எறும்பு கடிச்சுக் கையெல்லாம் தடிச்சிருக்கு. "ஏன் எழுந்திரிக்கல?"ன்னேன். "நீங்க சொல்லலியே"ன்னா.

வண்டியில வரும்போது, "நான் சிரிக்கலீங்க"ன்னா. அடுத்த படத்துல சேத்து வச்சுச் சிரின்னேன். அடுத்த படம் வரல. அந்தத் தொழிலே மாறிப்போச்சு, கம்பெனியை மூடிட்டேன். அதுக்காக ஏதும் நடக்கல தம்பி. இருபது வருஷம் நல்லாத்தான் இருந்தா. எப்பவாவது காய்ச்சல் வந்தா மட்டும், "நான் இன்னும் சிரிக்கல, ஞாபகம் இருக்கா?"ன்னு கேப்பா. கேலிக்குத்தான் கேட்டிருப்பா.

போன வருஷம் சர்க்கரை முத்திப் போச்சு, சிறுநீரகம் நின்னுடுச்சு. ஆஸ்பத்திரியில ஒம்பது நாள். விடியக்காலையில போயிட்டா. எனக்கு ஒண்ணும் தோணல தம்பி. பொய் சொல்லல. நர்ஸ் வந்து சொல்லுது, சரிம்மான்னு தலையாட்டுறேன். எந்தக் கையெழுத்து எங்கன்னு கேட்டுப் போடுறேன். வீட்டுக் கூடத்துல ஐஸ் பெட்டியில படுக்க வச்சுப் பாத்தா, பதினோரு தடவை பாத்ததுதானே. பொட்டு கொஞ்சம் பெருசா வச்சிருந்தாங்க. அது ஒண்ணுதான் வித்தியாசமாத் தெரிஞ்சுது.

மறுநாள் பத்தரைக்கு எடுக்கணும்னாங்க. பத்தரைக்கு எடுத்தேன். எந்தச் சாவு வீட்டுல தம்பி அப்படி நடக்கும்? யாரு எங்க நிக்கணும், மாலை எந்தப் பக்கமா வரணும், மோளம் எங்க நிக்கணும், எல்லாம் நான்தான் சொன்னேன். ஒரு தள்ளுமுள்ளு இல்ல. சம்பந்தி வீட்டுக்காரங்களே அசந்துட்டாங்க. வாய்க்கரிசி போடும்போது யமுனா அவங்கம்மா நெஞ்சு மேல விழுந்து அழுதா. பின்னால ஜனம் நிக்குது, ஒண்ணும் தெரியல. "யமுனா, முகம் மறையுது. கொஞ்சம் லெஃப்ட்ல வாம்மா"ன்னேன். நிமிந்து பாத்தா என்னை. நகந்துட்டா. எல்லாரும் போட்டு முடிச்சதும், "ஓகே, அடுத்தது"ன்னேன். வாயில வந்துடுச்சு. அதுக்கா இவ்வளவு கோபம்?

இல்ல, அதுக்கப்புறம் மின்மயானத்துல ஒண்ணு நடந்துச்சு. யமுனாவும் வருவேன்னு பிடிவாதமா வந்திருந்தா. சூளைக்குள்ள தள்ற தட்டுல வச்சாச்சு. அங்க வேலை பாக்குறவரு, "கடைசியா முகம் பாக்குறவங்க பாத்துக்கங்க"ன்னாரு. எல்லாரும் பாத்துட்டு ஒதுங்கிட்டாங்க. நான் கால்மாட்டுல நிக்கிறேன். எப்பவும் கேமரா நிக்கிற இடம். "அவ்வளவுதானுங்களா ஐயா, உள்ள தள்ளிடலாமா?"ன்னாரு. நான், "இருப்பா. இன்னும் சிரிக்கல"ன்னேன்.

என் பழைய மேக்கப்மேன் ஒருத்தர் வந்திருந்தாரு. அவர்தான் பொத்துக்கிட்டுச் சிரிச்சுட்டாரு. பாவம், அவரு அழுதாரா சிரிச்சாரான்னும் தெரியல. யமுனா என் பக்கத்துல வந்தா. சத்தம் போடல. "அம்மா செத்ததையும் படமாக்கிட்டீங்க இல்ல?"ன்னா. அவ்வளவுதான். அன்னிக்குச் சாயங்காலமே கிருஷ்ணகிரிக்குக் கிளம்பிட்டா.

அப்புறம் அது பழக்கதோஷம்னு மருமகன்கிட்டச் சொல்லி அனுப்பினேன். நாற்பது வருஷத் தொழில், வாயில வந்துடுச்சுன்னு. அதைக் கேட்டு இன்னும் கோபமாம்.

இந்த ஒரு வருஷமா என்ன பண்றேன்னா, ஒண்ணும் பண்ணல. காலைல உப்புமா கிளறுவேன். உப்பு போட்டேனா இல்லையான்னு சாப்பிட்ட பிறகும் தெரியாது. டிவி ஓடும். அழுகை மட்டும் வரல. கொஞ்சம் வந்தாத் தேவலைன்னுகூட உக்காந்து பாத்தேன். வரல. என்னமோ போங்க. ஊர்க்காரன் அத்தனை பேரையும் அழ வச்சவன்.

என்ன, கிருஷ்ணகிரி வந்துடுச்சா? பேச்சுல தெரியவே இல்ல. அந்தப் பெட்டியைக் கொஞ்சம் எடுங்க. மருமகன் ஸ்கூட்டர்ல வரேன்னாரு, கூட்டத்துல எங்க நிக்கிறாரோ...

தம்பி.

அதோ, அந்தப் பழக்கடை பக்கத்துல. நீலப் புடவை. அவர் வரல. யமுனாவே வந்திருக்கா. முடி நரைச்சிடுச்சே. ஒரு வருஷத்துல இவ்வளவு நரைக்குமா? ஒவ்வொரு ஜன்னலா பாக்குறா பாருங்க. என்னைத்தான் தேடுறா.

இருங்க. எனக்கு ஒரு உதவி பண்ணுங்க. வண்டி இங்க அஞ்சு நிமிஷம் நிக்கும்னு கண்டக்டர் அப்பவே சொன்னாரு. என்கூட இறங்குங்க. நான் வாயைத் திறக்கக் கூடாது, வாக்குக் குடுத்திருக்கேன். நீங்க அவகிட்டச் சொல்லுங்க. உங்கப்பா அன்னிக்குச் சொன்னது பழக்கத்துல வந்தது இல்லன்னு சொல்லுங்க. பத்து தடவை எழுந்து சிரிச்சா. பதினோராவது தடவை எழுந்திரின்னு நான் சொல்லல, எறும்பு கடிக்கக் கடிக்க அப்படியே கிடந்தா. அன்னிக்கு மயானத்துல, கொஞ்சம் நேரம் குடுத்தா எழுந்துடுவான்னுதான் நின்னேன். நெஜமாவே அப்படித்தான் நினைச்சேன் தம்பி, பைத்தியக்காரன் மாதிரி. இப்பவும் காலைல எழுந்ததும் ஒரு நிமிஷம் அப்படித்தான் நினைக்கிறேன். இதை நான் யார்கிட்டயும் சொன்னதில்ல. அவகிட்டச் சொல்லிடுங்க.

பாத்துட்டா. வாங்க, இறங்கலாம். மொத்தமும் சொல்ல வேணாம், எழுந்துடுவான்னு நின்னேன்னு அந்தக் கடைசி வரி மட்டும் போதும். பக்கத்துல போய் மெதுவாச் சொல்லுங்க. முகத்துல ஒண்ணும் காட்ட வேணாம், குரலை ஏத்தி இறக்க வேணாம். சும்மா சொன்னாப் போதும்.